பதவி உயர்வும் நீதிமன்றமும்: இரயில்வே வழக்குகள் கற்பிக்கும் பாடம்

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி. கணித மாணவன்)

முன்னுரை

கணிதம் பயிலும் மாணவனுக்குச் சட்டத்தில் என்ன வேலை என்று இக்கட்டுரையின் தலைப்பைக் கண்டவுடன் சிலர் கேட்கக்கூடும். நியாயமான கேள்விதான். நான் சட்டம் படித்தவன் அல்லன். மேனிலை வகுப்பில் படித்துக்கொண்டிருந்தபோது ஒரு நாள் மாலை என் தந்தையார் தம் சட்டைப் பையிலிருந்து நான்காக மடித்த தாள்கள் சிலவற்றை எடுத்து என்னிடம் நீட்டினார். "இதுல நம்ம பேரு எத்தனாவதா இருக்குன்னு பாருப்பா" என்றார். அவர் இருப்புப்பாதைப் பராமரிப்பு ஊழியர். முன்பு 'கேங்மேன்' என்று வழங்கிய அந்த வேலையைத்தான் இன்றும் செய்கிறார். தாள்கள் முழுவதும் ஆங்கிலம். அது பணிமூப்புப் பட்டியல். ஊழியர்கள் வாயில் 'சீனியாரிட்டி லிஸ்ட்'. அவர் பெயர் 61-ஆவது இடத்தில் இருந்தது. "நாப்பத்தொண்ணா இருக்கணுமே" என்று மட்டும் சொல்லிவிட்டுக் கை கழுவச் சென்றுவிட்டார்.

ஓர் எண் 41 ஆக இருப்பதற்கும் 61 ஆக இருப்பதற்கும் உள்ள வேறுபாடு என்ன? கழித்தால் இருபது. அவ்வளவுதான் என்று அன்று நினைத்தேன். அந்த இருபதின் பொருளைத் தேடி நூலகத்தில் படித்தவற்றையும், சட்டம் அறிந்த பெரியவர்களிடம் கேட்டுத் தெரிந்துகொண்டவற்றையும் என் சக மாணவர்களோடும் ஆசிரியப் பெருமக்களோடும் பகிர்ந்துகொள்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

இந்திய இரயில்வேயில் இன்று ஏறத்தாழ 12 இலட்சம் பேர் பணியாற்றுகின்றனர். ஒவ்வொருவரும் ஏதோ ஒரு பட்டியலில் ஏதோ ஓர் எண்ணில் நிற்கின்றனர். பதவி உயர்வு பற்றிய வழக்குகளைச் சம்பள வழக்குகள் என்று நாம் எண்ணுகிறோம். உற்று நோக்கினால் அவை அனைத்தும் வரிசை பற்றிய வழக்குகளே என்பது விளங்கும்.

உரிமை எது, உரிமை அல்லாதது எது?

இரயில்வேயில் பதவி உயர்வு இரு வகைப்படும். ஒன்று 'செலக்‌ஷன்' பதவி. இதில் தேர்வு, பணிப்பதிவேடு முதலியவற்றைக் கொண்டு தகுதி மிக்கவரைத் தேர்ந்தெடுப்பர். மற்றொன்று 'நான்-செலக்‌ஷன்' பதவி. இதில் பணிமூப்பே முதன்மை. வரிசையில் முன்னால் நிற்பவர் தகுதியற்றவர் என்று தள்ளப்பட்டாலன்றி அவருக்கே பதவி. பாதையோரத்திலும் பணிமனையிலும் உழைக்கும் எளிய ஊழியருக்குப் பெரும்பாலும் இந்த இரண்டாவது வழியே ஏணி. ஆகவேதான் அவர்களுக்குப் பட்டியலின் எண் உயிர் போன்றது.

பதவி உயர்வு பெறுவது ஊழியரின் உரிமை அன்று என்பது பலரும் அறியாத செய்தி. காலியிடத்தை நிரப்பாமலே விட்டுவிடவும் அரசுக்கு அதிகாரம் உண்டு. ஆனால் நிரப்ப முற்படும்போது, தகுதியுள்ள ஒருவரைக் கருத்தில் கொள்ளாமல் ஒதுக்கிவிட முடியாது. அவ்வாறு 'கருதப்படும் உரிமை' அரசியலமைப்புச் சட்டத்தின் 16-ஆம் பிரிவு வழங்கும் அடிப்படை உரிமை என்று உச்ச நீதிமன்றம் 1999-ஆம் ஆண்டு அஜித் சிங் வழக்கில் தெளிவாக்கியது. பதவி தருகிறேன் என்று சட்டம் வாக்களிக்கவில்லை. வரிசையில் உன் இடத்தை மறைக்க மாட்டேன் என்று மட்டுமே வாக்களிக்கிறது.

யாரோடு யாரை ஒப்பிடுவது?

வரிசை என்றவுடன் முதலில் எழும் கேள்வி, அந்த வரிசையில் யார் யார் நிற்கலாம் என்பது. இதை விளக்கும் இரண்டு பழைய வழக்குகள் உள்ளன. இரண்டும் இரயில்வேயில் பிறந்தவை. முடிவுகளோ நேர் எதிரானவை.

முதல் வழக்கு 1959-ஆம் ஆண்டில் தீர்க்கப்பட்டது. மத்திய இரயில்வேயில் சிறு நிலையங்களில் பணியாற்றிய நிலைய அதிபர்கள் தம் சங்கத்தின் மூலம் உச்ச நீதிமன்றத்தை அணுகினர். அன்று 'கார்டு' என அழைக்கப்பட்டவர்களுக்கு (2022 முதல் இவர்கள் 'டிரெயின் மேனேஜர்') உயர்நிலை நிலைய அதிபர் பதவிக்கு வரும் வழி திறந்திருந்தது. இதனால், சிறு நிலையத்தில் ஆண்டுக்கணக்காகக் கொடி பிடித்த நிலைய அதிபர் கீழே இருக்க, கார்டாக இருந்தவர் இளம் வயதிலேயே மேலே வந்துவிடுகிறார். இது சமவாய்ப்புக்கு மாறானது என்பது அவர்கள் வாதம். நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. கார்டுகள் தனியாகத் தேர்ந்தெடுக்கப்பட்டு, தனியாகப் பயிற்சி பெற்று, தனி வரிசையில் நிற்பவர்கள். நிலைய அதிபர்கள் வேறு வகுப்பினர். ஒரே வகுப்பைச் சேர்ந்தவர்களுக்கு இடையேதான் சமவாய்ப்பு என்ற கேள்வி எழும். இரு தனி வகுப்புகளுக்கிடையே எழாது என்று கூறி மனுவைத் தள்ளுபடி செய்தது.

கணித மொழியில் கூறினால், 'முன்', 'பின்' என்ற தொடர்பு ஒரு கணத்தின் உறுப்புகளுக்குள்தான் வரையறுக்கப்பட்டுள்ளது. வேறொரு கணத்தின் உறுப்பைக் கொண்டுவந்து நிறுத்தி 'இவர் எனக்குப் பின்னவர்' என்று சொல்ல இயலாது.

அவ்வாறாயின் இரு கணங்களும் ஒன்றாகிவிட்ட பிறகு என்ன ஆகும்? இதற்கு விடை கூறியது 1967-ஆம் ஆண்டின் ரோஷன் லால் டாண்டன் வழக்கு. வடக்கு இரயில்வேயில் வண்டிப் பரிசோதகர்களின் தொடக்க நிலை 'டி' கிரேடு. அதற்குள் இரு வழிகளில் நுழையலாம். பயிற்சி மாணவராகச் சேர்ந்து பயின்று நேரடியாக வருவோர் ஒரு சாரார். பணிமனையில் கைவினைஞராக உழைத்து உயர்ந்து வருவோர் மற்றொரு சாரார். ஃபிட்டராக வாழ்க்கையைத் தொடங்கிய டாண்டன் இரண்டாம் வழியில் வந்தவர். 'டி' கிரேடில் இரு சாராரும் ஒரே வேலையைச் செய்து, ஒரே பட்டியலில் நின்று, பணிமூப்புப்படி 'சி' கிரேடுக்குச் சென்றுகொண்டிருந்தனர்.

1965-ஆம் ஆண்டு அக்டோபரில் இரயில்வே வாரியம் ஓர் அறிவிக்கை வெளியிட்டது. 'சி' கிரேடு காலியிடங்களில் 80 விழுக்காடு பயிற்சி மாணவராக வந்தவர்களுக்கு. எஞ்சிய 20 விழுக்காடு மட்டுமே மற்றவர்களுக்கு, அதுவும் தேர்வின் மூலம். டாண்டன் நேராக உச்ச நீதிமன்றத்துக்கே சென்றார். ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. இரு ஓடைகள் கலந்து ஓர் ஆறாகிவிட்ட பின், எந்த ஓடையிலிருந்து வந்தாய் என்று கேட்டு வேறுபடுத்துவது 14, 16 ஆகிய பிரிவுகளுக்கு முரணானது என்பதே அத்தீர்ப்பின் சாரம்.

டாண்டன் முன்வைத்த மற்றொரு வாதம் தோற்றதையும் இங்கே குறிப்பிட வேண்டும். நான் வேலையில் சேர்ந்தபோது இருந்த விதி எனக்கும் அரசுக்கும் இடையேயான ஒப்பந்தம். அதை மாற்ற இயலாது என்றும் அவர் வாதிட்டார். அரசுப் பணியின் தொடக்கம் ஒப்பந்தமாக இருக்கலாம். ஆனால் சேர்ந்த பின் அது ஒரு தகுதிநிலை. அதன் விதிகளை அரசு தானாகவே மாற்றலாம் என்று நீதிமன்றம் விடையளித்தது. அதாவது விதியை மாற்றலாம். மாற்றும்போது ஒரே வரிசையில் நிற்பவர்களைப் பிறப்பிடம் கேட்டுப் பிரிக்கக் கூடாது. இந்த இரு கருத்துகளையும் இன்றளவும் நீதிமன்றங்கள் எடுத்தாள்கின்றன.

ரங்காச்சாரி வழக்கு

நம் சென்னையிலிருந்து புறப்பட்டு நாடெங்கும் பேசப்பட்ட வழக்கு ஒன்று உண்டு. 1959-ஆம் ஆண்டில் இரயில்வே வாரியம் இரண்டு சுற்றறிக்கைகளை வெளியிட்டது. மூன்றாம் வகுப்புச் செலக்‌ஷன் பதவிகளிலும் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் இட ஒதுக்கீடு உண்டு என்பது அவற்றின் பொருள். தென்னக இரயில்வே ஊழியரான ரங்காச்சாரி சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுத் தாக்கல் செய்தார். 16(4)-ஆம் பிரிவு அனுமதிக்கும் ஒதுக்கீடு பணியில் சேர்வதற்கு மட்டுமே, பதவி உயர்வுக்கு அன்று என்பது அவர் வாதம். உயர் நீதிமன்றம் அதனை ஏற்றது.

தென்னக இரயில்வேயின் பொது மேலாளர் உச்ச நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்தார். 1961 ஏப்ரல் 28 அன்று தீர்ப்பு வந்தது. ஐந்து நீதிபதிகளுள் மூவர் ஒரு புறம், இருவர் மறு புறம். கஜேந்திரகட்கர் எழுதிய பெரும்பான்மைத் தீர்ப்பு, பதவி உயர்விலும் ஒதுக்கீடு செல்லும் என்றது. வாஞ்சூ, ராஜகோபால அய்யங்கார் ஆகிய இருவரும் மாறுபட்டனர். கீழ்ப்படியில் மட்டும் இடம் தந்து மேற்படிகளை மூடி வைத்தால் அது போதிய பிரதிநிதித்துவம் ஆகுமா என்ற கேள்வியே இவ்வழக்கின் உயிர்நாடி.

1980-ஆம் ஆண்டு நவம்பரில் நீதிபதி கிருஷ்ணய்யர் இடம்பெற்ற அமர்வும் மற்றோர் இரயில்வே வழக்கில் இத்தகைய ஒதுக்கீட்டை உறுதி செய்தது. ஆனால் 1992 நவம்பர் 16 அன்று, மண்டல் வழக்கு எனப்படும் இந்திரா சஹானி வழக்கில், ஒன்பது நீதிபதிகள் அமர்வின் பெரும்பான்மை ரங்காச்சாரி தீர்ப்பைக் கைவிட்டது. 16(4) பதவி உயர்வுக்குப் பொருந்தாது; ஏற்கெனவே உள்ள ஒதுக்கீடு ஐந்தாண்டுகள் மட்டும் தொடரலாம் என்றது. அந்த ஐந்தாண்டு முடியுமுன்பே நாடாளுமன்றம் 77-ஆவது திருத்தத்தை நிறைவேற்றி 16(4ஏ) என்ற புதிய பிரிவைச் சேர்த்தது. 1995 ஜூன் 17 முதல் அது நடைமுறைக்கு வந்தது. ரங்காச்சாரி வழக்கில் பெரும்பான்மை கூறியதை, இவ்விரு வகுப்பினரைப் பொறுத்தவரை, அரசியலமைப்புச் சட்டமே சொற்களில் எழுதிக்கொண்டது எனலாம்.

நாற்பது புள்ளிக் கணக்கு

ஒதுக்கீடு உண்டு என்று ஆனபின் அதை எவ்வாறு எண்ணுவது? இங்கேதான் கணிதம் நுழைகிறது. பட்டியல் சாதியினருக்கு 15 விழுக்காடு, பழங்குடியினருக்கு 7.5 விழுக்காடு. இவ்விரண்டும் பின்னமின்றி முழு எண்ணாக வரும் மிகச் சிறிய எண் 40. நாற்பதில் 6, நாற்பதில் 3. ஆகவே 40 புள்ளிகள் கொண்ட 'ரோஸ்டர்' என்னும் சுழற்சிப் பட்டியல் வகுக்கப்பட்டது. 1, 8, 14, 22, 28, 36 ஆகிய புள்ளிகள் பட்டியல் சாதியினருக்கு. 4, 17, 31 பழங்குடியினருக்கு. மற்றவை பொது.

இந்தச் சுழற்சியைக் காலியிடங்களுக்குப் பொருத்துவதா, பதவிகளுக்குப் பொருத்துவதா? இரண்டும் ஒன்றுதானே என்று தோன்றும். ஒன்றன்று. ஓர் எடுத்துக்காட்டால் விளக்குவேன்.

ஒரு பிரிவில் 40 பதவிகள் உள்ளன என்க. முதன்முறை சுழற்சிப்படி நிரப்பினால் 9 பேர் ஒதுக்கீட்டில் வருவர். அடுத்த ஆண்டு பொதுப்பிரிவினர் 10 பேர் ஓய்வு பெறுகின்றனர். அந்த 10 காலியிடங்களுக்கும் சுழற்சியை மீண்டும் தொடங்கினால் 1, 4, 8 ஆகிய மூன்று புள்ளிகள் ஒதுக்கீட்டுக்குச் செல்லும். இப்போது 40-ல் 12 பேர், 22.5 விழுக்காடு 30 ஆகிவிட்டது. மாறாக, ஒதுக்கீட்டில் வந்த 9 பேருமே மேற்பதவிக்குச் சென்றுவிட்டனர் என்று கொள்வோம். அந்த 9 காலியிடங்களுக்குச் சுழற்சியைப் பொருத்தினால் மூன்று மட்டுமே அவர்களுக்குக் கிட்டும். 40-ல் 3 பேர், 7.5 விழுக்காடு. கணக்குத் தவறு ஒரே பக்கம் மட்டும் சாய்வதில்லை. ஒரு நாள் ஒருவரையும் மறுநாள் மற்றவரையும் அது நசுக்கும்.

இதை முதலில் நீதிமன்றத்தில் எழுப்பியவர்களுள் இரயில்வே கார்டுகளும் உண்டு. ஜே.சி. மல்லிக் வழக்கில் அலகாபாத் உயர் நீதிமன்றம் 1977-ஆம் ஆண்டிலேயே, விழுக்காட்டைப் பதவிகளின் எண்ணிக்கை மீதுதான் கணக்கிட வேண்டும், காலியிடங்கள் மீது அன்று எனக் கூறியது. அக்கருத்தை 1995 பிப்ரவரி 10 அன்று சபர்வால் வழக்கில் உச்ச நீதிமன்றம் நாடு முழுமைக்கும் பொருந்தும் விதியாக்கியது. ஒரு பதவி எந்தப் பிரிவினருக்கு உரியதோ, அது காலியாகும்போது அதே பிரிவினரைக் கொண்டே நிரப்ப வேண்டும். மத்திய அரசு 1997 ஜூலை 2-ஆம் நாள் ஆணையால் காலியிடச் சுழற்சியை நீக்கிப் பதவிச் சுழற்சியைக் கொண்டுவந்தது. 1977-க்கும் 1997-க்கும் இடையே இருபது ஆண்டுகள். வகுப்பில் அரைமணியில் விளங்கும் கணக்கு நடைமுறைக்கு வர இருபது ஆண்டுகள் ஆயின.

முந்தியவரும் பிந்தியவரும்

அடுத்த சிக்கல் இதனினும் நுட்பமானது. இதுவும் வடக்கு இரயில்வேயின் கார்டுகளிடமிருந்தே எழுந்தது. அன்று கார்டுகளுக்கு சி, பி, ஏ, ஏ ஸ்பெஷல் என நான்கு கிரேடுகள். கீழ்க்கிரேடில் ஒருவர் முன்னவர், மற்றவர் பின்னவர். பின்னவர் ஒதுக்கீட்டின் மூலம் முதலில் மேற்கிரேடுக்குச் செல்கிறார். சில ஆண்டுகள் கழித்து முன்னவரும் அதே கிரேடுக்கு வருகிறார். இப்போது யார் மூத்தவர்?

முன்னவர் கூறுவார்: "நான் ஒரு குற்றமும் செய்யவில்லை. கீழே எனக்குப் பின்னால் நின்றவர் மேலே எனக்கு முன்னால் நிற்பது எப்படி?" பின்னவர் கூறுவார்: "இத்தனை ஆண்டுகள் இந்தப் பதவியின் பொறுப்பைச் சுமந்தவன் நான். அவர் நேற்று வந்தார். அவர் வந்த நாளிலேயே நான் பின்னால் போக வேண்டுமா? அப்படியானால் எங்களுள் ஒருவர் என்றைக்கு உச்சிப் படியை எட்டுவது?" இருவர் கூற்றையும் மாறி மாறிப் படித்தபோது இருவர் பக்கமும் நியாயம் இருப்பதாகவே எனக்குப் பட்டது.

1995 அக்டோபர் 10 அன்று வீர்பால் சிங் சௌஹான் வழக்கில் உச்ச நீதிமன்றம் முன்னவர் பக்கம் நின்றது. அவர் மேற்கிரேடை எட்டிய நாளில் தம் பழைய மூப்பை மீட்டுக்கொள்வார் என்றது. இதுவே 'எட்டிப்பிடிக்கும் விதி' என அறியப்பட்டது. 1999-இன் அஜித் சிங் தீர்ப்பும் இதை வலியுறுத்தியது. நாடாளுமன்றமோ 2001-ஆம் ஆண்டில் 85-ஆவது திருத்தத்தின் மூலம், ஒதுக்கீட்டில் பெறும் பதவி உயர்வோடு அதன் விளைவான பணிமூப்பும் சேர்த்தே தரப்படலாம் என்று 16(4ஏ) பிரிவை மாற்றி, அதை 1995 ஜூன் 17 முதலே செல்லுபடியாக்கியது.

2006-இல் நாகராஜ் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அத்திருத்தத்தை ஏற்றனர். ஆனால் போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதைப் புள்ளிவிவரத்தால் அரசு காட்ட வேண்டும் என்பது உள்ளிட்ட நிபந்தனைகளை விதித்தனர். 2018-இல் ஜர்னைல் சிங் வழக்கில், பட்டியல் சாதியினரும் பழங்குடியினரும் பின்தங்கியவர்கள் என்பதைத் தனியே மெய்ப்பிக்க வேண்டியதில்லை என்று ஒரு நிபந்தனை நீக்கப்பட்டது. அதே வழக்கின் தொடர்ச்சியில் 2022 ஜனவரி 28 அன்று, புள்ளிவிவரம் மொத்தப் பணித்துறைக்கு அன்று, ஒவ்வொரு பதவிப் பிரிவுக்கும் தனித்தனியே திரட்டப்பட வேண்டும் என்று கூறப்பட்டது. கார்டுகளின் ஒரு பட்டியலில் தொடங்கிய கேள்வி, ஒரு நாட்டின் அரசியலமைப்புச் சட்டத்தையே திருத்தச் செய்தது என்பது வியப்பன்றோ!

எங்கே முறையிடுவது? எப்போது?

முன்பெல்லாம் ஊழியர் முன்சீப் கோர்ட்டுக்கோ உயர் நீதிமன்றத்துக்கோ செல்ல வேண்டியிருந்தது. 1985-ஆம் ஆண்டின் நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தால் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் அமைந்தது. அதன் அமர்வு சென்னையிலும் உண்டு. இரயில்வே ஊழியரின் பணி வழக்குகள் முதலில் இங்குதான் தொடுக்கப்பட வேண்டும். 1997-இல் சந்திரகுமார் வழக்கின் தீர்ப்புக்குப் பின், தீர்ப்பாயத்தின் முடிவை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வில் எதிர்க்கலாம்.

இதில் மாணவர்கள் நினைவில் கொள்ள வேண்டியது காலக்கெடு. முதலில் அலுவலகத்துக்கு முறையீடு அனுப்ப வேண்டும். ஆறு மாதங்களில் விடை வராவிட்டால், அதன்பின் ஓராண்டுக்குள் தீர்ப்பாயத்தை அணுகலாம். விடை வந்துவிட்டால் அந்நாள் முதல் ஓராண்டு. தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டினால் தீர்ப்பாயம் மன்னிக்கலாம்; ஆனால் நெடுங்காலம் நிலைபெற்றுவிட்ட பணிமூப்பைக் கலைக்க நீதிமன்றங்கள் எளிதில் முன்வருவதில்லை. மேலும், பட்டியலில் யாரைத் தாண்டிச் செல்ல விரும்புகிறோமோ அவர்களையும் வழக்கில் தரப்பினராகச் சேர்க்க வேண்டும். அவர்களைக் கேளாமல் அவர்களைக் கீழே இறக்குவது நீதியாகாது.

எங்கள் வீட்டுப் பட்டியல்

இனி, நான் தொடங்கிய இடத்துக்கு வருகிறேன். அலுவலகத்தின் பெயர் இங்குத் தேவையில்லை.

பணியிட மாற்றத்தில் இரயில்வே இரு வகை காண்கிறது. நிர்வாகத்தின் தேவைக்காக மாற்றினால் ஊழியர் தம் மூப்பை உடன் எடுத்துச் செல்வார். தம் சொந்த வேண்டுகோளின்பேரில் சென்றால் புதிய இடத்தின் பட்டியலில் கடைசியில் நிற்க வேண்டும். என் தந்தையார் நிர்வாகத்தால் மாற்றப்பட்டவர். பதிவேட்டிலோ 'சொந்த வேண்டுகோள்' என்று ஏறியிருந்தது. பட்டியல் ஒட்டப்பட்டு, ஆட்சேபத்துக்கு ஒரு மாதம் தரப்பட்டிருந்தது. அவர் 'பார்த்தேன்' என்று கையெழுத்திட்டிருந்தார். படித்தேன் என்று அன்று. ஆங்கிலம் அவருக்குத் தெரியாது. இப்படியே மூன்று பட்டியல்கள் கடந்திருந்தன. அவருக்குப் பின் சேர்ந்தவர்கள் 'கீமேன்' ஆனார்கள். ஒருவர் கேங் மேஸ்திரியே ஆனார்.

ரேஷன் அட்டையும் என் மதிப்பெண் சான்றிதழ்களும் இருந்த தகரப் பெட்டியின் அடியில் பழைய மாறுதல் ஆணை அகப்பட்டது. சங்கத்து அண்ணன் ஒருவர் துணையோடு முறையீடு எழுதினேன். நான் ஆங்கிலத்தில் எழுதிய முதல் பயனுள்ள கட்டுரை அதுவே. பதினான்கு மாதங்கள் கழித்துத் திருத்தம் வந்தது. தீர்ப்பாயம் வரை செல்ல நேரவில்லை. தந்தையார் 41-ஆவது இடத்துக்கு வந்தார். சென்ற ஆண்டு கீமேனும் ஆனார். ஆனால் இடைப்பட்ட ஆண்டுகளின் நிலுவைச் சம்பளம் கிடைக்கவில்லை. நிர்வாகத் தவற்றால் பதவி உயர்வு தவறியவருக்கு மூப்பும் சம்பள நிர்ணயமும் காகிதத்தில் பழைய நாளிலிருந்து தரப்படும். அப்பதவியின் வேலையைச் செய்யாததால் நிலுவை இல்லை என்பது இரயில்வே பணியமைப்புக் கையேட்டின் 228-ஆம் பத்தி. தவறு அவருடையதன்று, இழப்பு மட்டும் அவருடையது. இவ்விதி எனக்கு இன்னும் உடன்பாடானதாக இல்லை.

மற்றொன்றையும் மறைக்காமல் எழுத வேண்டும். 61-இலிருந்து ஒருவர் 41-க்குச் சென்றால், 41 முதல் 60 வரை நின்ற இருபது பேரும் ஆளுக்கோர் இடம் பின்னே செல்வர். அவர்களுள் ஒருவர் எங்கள் பக்கத்துக் குடியிருப்பில் இருப்பவர். நான் சித்தப்பா என்று அழைப்பவர். என்னை முதன்முதல் பள்ளிக்குச் சைக்கிளில் கொண்டுபோய் விட்டவர். அந்த ஓரிடத்தால் அவருக்கு அவ்வாண்டு கீமேன் பதவி தவறியது. நான்கைந்து மாதங்கள் எங்கள் வீட்டு வாசலைத் திரும்பிப் பார்க்காமல் நடந்தார். அவர் மீது எனக்கு வருத்தமில்லை. அவரும் ஒரு தவறும் செய்யவில்லையே! யாரோ ஓர் எழுத்தர் ஒரு கட்டத்தில் தவறாக இட்ட குறி, ஒரே பாறைக்கோலைப் பிடித்து ஒரே தண்டவாளத்தை நிமிர்த்தும் இருவரை எதிரெதிரே நிறுத்திவிட்டது. பொங்கலன்று என் தந்தையாரே கரும்புக் கட்டோடு அவர் வீட்டுக்குச் சென்றார். இப்போது இருவரும் பேசிக்கொள்கிறார்கள். பட்டியலைப் பற்றி மட்டும் பேசுவதில்லை.

முடிவுரை

நான் படித்த வழக்குகள் எல்லாவற்றிலும் மனுதாரர் ஒருவர், எதிர்மனுதாரர் அரசு. அட்டையில் அப்படித்தான் அச்சிட்டிருக்கும். உள்ளே புகுந்து பார்த்தால், கார்டுக்கு எதிரே நிலைய அதிபர், பயிற்சி மாணவருக்கு எதிரே ஃபிட்டர், முன்னவருக்கு எதிரே பின்னவர் என்று சக ஊழியர்களே நிற்கின்றனர். அவர்களைப் பகைவராக்காமல் காக்கும் வழி, வரிசையை முதலிலேயே சரியாக எழுதுவதும், எல்லோருக்கும் விளங்கும் மொழியில் ஒட்டுவதும், ஒட்டிய அந்த ஒரு மாதத்திலேயே அதைப் படித்துப் பார்ப்பதும்தான். முன்னிரண்டும் அலுவலகத்தின் கடமை. மூன்றாவது நம்முடையது.

இக்கல்லூரியில் என்னைப் போல் தம் குடும்பத்தில் முதன்முதல் பட்டப்படிப்புக்கு வந்தவர்கள் பலர். நம் வீடுகளில் தகரப் பெட்டிகளும் உண்டு, நான்காக மடித்த தாள்களும் உண்டு. நம் பெற்றோர் கையெழுத்திட்டு, படிக்காமல் வைத்த தாள்கள் அவை. இவ்விடுமுறையில் ஊருக்குச் செல்லும்போது அவற்றை ஒருமுறை எடுத்துப் பாருங்கள். பெயர் எத்தனாவது இடத்தில் இருக்கிறது என்று மட்டும் பாராமல், ஏன் அந்த இடத்தில் இருக்கிறது என்றும் பாருங்கள்.